முதுகுக்காரி

"ஒண்ணும் ஆகல பிச்சாண்டி, என் சம்சாரம் சிரிச்சிட்டா, அவ்ளோதான்"னு சொல்லிட்டு ஆதிகேசவன் ஜெனரேட்டர் வண்டி நிழல்ல கெடந்த பிளாஸ்டிக் சேர இழுத்துப் போட்டு உக்காந்தாரு. பிச்சாண்டி அந்த வண்டிக்கு ஆளு. உள்ள விளக்கு எரியற வரைக்கும் அவனுக்கு வெளிய வேலை, உள்ள என்ன நடக்குதுன்னு ஒருநாளும் தெரியாது, அதனால யாரு வெளிய வந்தாலும் மடக்கிருவான். "சிரிச்சதுக்கா ஷூட்டிங்க நிறுத்திட்டாங்க?" "அவ பேய் வேஷத்துல இருக்காப்பா. பேய் சிரிக்கக் கூடாதாம்." "பேய்னா சிரிக்கத்தானேண்ணே செய்யும், ஊரே எந்திரிக்கிற மாதிரி?" "அப்படிச் சிரிச்சிருந்தா கைதட்டியிருப்பாங்க. இது வேற சிரிப்பு. புக் பண்ண சிலிண்டர் வந்துட்டா பொம்பளைங்க சிரிப்பாங்க பாரு, அது." பிச்சாண்டி வண்டிக் கதவுல தட்டித் தட்டிச் சிரிச்சான். ஆதிகேசவன் சிரிக்கல. ஜோக்க சொல்றவனே சிரிச்சா அது கூலி இல்லாத வேலைன்னு அவரு கட்சி. ஜெனரேட்டர் அதிர்வு தரையில ஏறி, சேர்ல ஏறி, முதுகெலும்பு வழியா பல்லு வரைக்கும் வந்துச்சு. மேல மொட்டை வெயிலு. உள்ள நடுராத்திரி. கீழ்ப்பாக்கத்துப் பகல் ஒரு பொட்டு கூட உள்ள நுழையாம அந்தப் பழைய பங்களாவோட ஜன்னல் பூராவும் கறுப்புத் துணி அடிச்சு வெச்சிருந்தாங்க. உள்ள ராத்திரிய விட்டுட்டு வெளிய வந்ததுல அவருக்குக் கண்ணு கூசுச்சு. கூசுனதால கண்ணுல தண்ணி. வேற எதுக்கும் இல்ல. பிச்சாண்டி அதப் பாத்துட்டு, "என்னண்ணே, ரொம்பத் திட்டிட்டாங்களா அக்காவ?"ன்னான். "அவளத் திட்ட இன்னும் ஆளு பொறக்கல"ன்னாரு இவரு. அது நெசம். திட்ட மாட்டாங்க. சூப்பர்ம்பாங்க. சூப்பர்னு சொல்லிட்டுத் தூக்கிருவாங்க. உள்ள இப்ப அந்தப் பேச்சுதான் ஓடிட்டிருக்கு, அவரு சம்சாரம் அம்சவேணி மூஞ்சி பாட்டுல இருக்கணுமா வேணாமான்னு, அதக் கேட்டுட்டு நிக்க முடியாமத்தான் அவரு வெளிய வந்தாரு. பிச்சாண்டிகிட்ட அதச் சொல்லல. காத்து வாங்க வந்தேன்னாரு. டீசல் புகையில காத்து வாங்க வந்த மனுஷன பிச்சாண்டி ஒரு தடவை மேலயும் கீழயும் பாத்துட்டு, டேங்க் மூடியத் துடைக்கப் போயிட்டான்.

பாட்டுதான், படம் இல்ல. ஒரே ஒரு பாட்ட எடுத்து யூடியூப்ல உட்டுருவாங்களாம், அதுக்கு சிங்கிள்னு பேராம். அவருக்குத் தெரிஞ்ச சிங்கிள் டீக்கடையில கிடைக்கறது. பாட்டு பேரு முதுகுக்காரி. எழுதுனது, மெட்டு போட்டது, பாடறது, இங்க நின்னு கட்டு ஸ்டார்ட்டுன்னு கத்தறது எல்லாம் டெல்ஃபின்ங்கற ராயபுரத்துப் பொண்ணு. அதுக்கு மஞ்சக்காமாலை வந்து வீட்டுல படுத்திருந்தப்ப, பொழுது போகாம ஃபோன்ல பழைய பேய்ப் படமா தேடித் தேடிப் பாத்திருக்கு. கறுப்பு வெள்ளையில கொஞ்சம், கலர்ல கொஞ்சம். எல்லாத்துலயும் ஒரு பங்களா, எல்லாத்துலயும் ஒரு காத்து, எல்லாத்துலயும் வெள்ளப் பொடவை கட்டுன ஒருத்தி கொலுசு சத்தத்தோட முன்னால போவா, லாந்தரத் தூக்கிக்கிட்டு ஹீரோ பின்னால ஓடுவான். பாக்கப் பாக்க அந்தப் பொண்ணுக்கு ஒண்ணு பட்டுருக்கு. படம் வேற, ஹீரோ வேற, முன்னால போற முதுகு ஒண்ணே. எடது தோளு ஒரு சொட்டு எறங்கி இருக்கும். சின்ன வயசுல எடது இடுப்புல கொடம் வெச்சு வெச்சு எறங்குன தோளு அது, ஆதிகேசவனுக்குத் தெரியும், வேற யாருக்குத் தெரியும்னு இத்தன காலம் இருந்தாரு. அப்புறம் யாரோ சொல்லி, யாரையோ விசாரிச்சு, ஒருநாள் வளசரவாக்கத்துல அவரு வீட்டு வாசல்ல வந்து நின்னு, "ஆன்ட்டி, தப்பா எடுத்துக்காதீங்க, கொஞ்சம் அந்தாண்ட திரும்பி நடந்து காட்டுறீங்களா?"ன்னுச்சு. அம்சவேணி கையில அரிசி களைஞ்ச தண்ணி சொட்டுது. "எதுக்கும்மா? எனக்குக் கால் வலில்லாம் ஒண்ணும் இல்லியே"ன்னா. மெடிக்கல் கேம்ப்புன்னு நெனச்சிட்டா. இருந்தாலும் நடந்தா. சமையக்கட்டு வரைக்கும் போறதுக்குள்ள இந்தப் பொண்ணு, "அதே முதுகு! அங்கிள், அதே முதுகு!"ன்னு அவரு கையப் புடிச்சுக் குலுக்குது. "ஆமாம்மா, நான்கூட அதப் பாத்துதான் கட்டிக்கிட்டேன்"ன்னாரு. உள்ள இருந்து அம்சவேணி, "மூஞ்சியப் பாத்திருந்தா ஓடியிருப்பாரு"ன்னா. மூணு பேரும் சிரிச்சாங்க. அவ மூஞ்சிய அவரு கட்டிக்கறதுக்கு முந்தி பாக்கலன்னு இல்ல. பாத்தாரு. அவரு மட்டும்தான் பாத்தாரு. அங்கதான் எல்லாமே மாட்டிக்கிட்டு நிக்குது.

அப்ப அவரு லைட்மேன். அவளுக்கு வெள்ளப் பொடவை, தலை நெறைய முடி, முடிய முன்னால இழுத்து மூஞ்சி மேல விட்டுருவாங்க, ஏன்னா தப்பித் தவறித் திரும்பிட்டா இது ஹீரோயின் இல்லன்னு தெரிஞ்சிரும்ல. க்ளோசப்புக்கு ஹீரோயின் ஏசி ரூம்லருந்து வருவாங்க. சாம்பிராணிப் புகையிலயும் மொட்டை மாடிக் கைப்பிடிச் சுவர்லயும் நடக்கறதுக்கு அம்சவேணி. கண்ணு தெரியாது, முடி. கீழ விழுந்தா மூணாவது மாடி. மொதல் நாளு அவ சுவர் ஓரத்துல நின்னு நடுங்கறது, மேல லைட்டப் புடிச்சிட்டிருந்த அவருக்குத் தெரிஞ்சுது, டைரக்டருக்கு அது நல்ல நடிப்பாத் தெரிஞ்சுது. எறங்கி வந்து அவகிட்ட ஒண்ணே ஒண்ணு சொன்னாரு, "ஏம்மா, கண்ண நம்பாத. சூடு எந்தப் பக்கம் படுதோ அந்தப் பக்கமா வா. நான் அங்கதான் இருப்பேன்." அந்தக் காலத்து லைட்டு அடுப்பு மாதிரி காயும். அவ வந்தா. கொள்ளிவாய்ப் பிசாசு மாதிரி மிதந்து மிதந்து வந்தான்னு ஊரே பேசுச்சே அந்த நடை, அது பேய் நடை இல்ல, குளிருக்கு அடுப்புகிட்ட வர்றவ நடை. இதெல்லாம் யாருகிட்டப் போய்ச் சொல்றது. சொன்னா பெருமை பீத்தறான்பாங்க. பீத்தறதுதான். அதுல என்ன. தியேட்டர்ல ஜனங்க தோளத் தோளப் புடிச்சிக்கிட்டு அலறுறப்ப, கடைசி வரிசையில இவரு மட்டும் நிமிர்ந்து உக்காந்திருப்பாரு, என் பொண்டாட்டிக்குடா இந்த அலறல்னு. பக்கத்து சீட்டு ஆளு ஒருத்தன், "யோவ், உனக்கு பயமே இல்லியா?"ன்னு கேட்டான். "வீட்டுக்குப் போனா இருக்கும்"ன்னாரு.

ஆனா அந்தச் சிரிப்பு. அத யோசிக்க வேணாம்னு பாத்தா நெனப்பு அங்கயே போய் இடிக்குது, கதவு சரியா மூடாத பஸ்ஸு மாதிரி. சினிமாவுல ஒரு பழக்கம் உண்டு. செத்த மாதிரி நடிச்சாலோ பேயா நடிச்சாலோ, அந்த ஷாட்டு முடிஞ்ச கையோட அதே ஆளக் கேமராவப் பாத்து ஒரு சிரிப்பு சிரிக்கச் சொல்லி அதையும் எடுத்துருவாங்க. தோஷம் கழியணும். பொணமா வீட்டுக்குப் போகக் கூடாது, சிரிச்ச மொகமாப் போகணும். பெரிய நடிகர் செத்தா ஃபிலிம் ஓட்டி எடுப்பாங்க. முதுகுக்கு யாரு ஃபிலிம் வேஸ்ட் பண்ணுவா. கேமராவுல ஃபிலிம் இருக்காது, இருந்தாலும் ஓடாது, அசிஸ்டென்ட் ஒருத்தன் சும்மா "ரெடி, சிரிம்மா, ஓகே"ம்பான். எல்லாருக்கும் தெரியும். அவளுக்கும் தெரியும். அதனால அவ கேமராவப் பாக்கவே மாட்டா. முடிய ரெண்டு கையாலயும் பின்னால ஒதுக்கி, லைட்டுப் பக்கம் திரும்பி, அவரப் பாத்து ஒரு சிரிப்பு. "கேமராவப் பாத்து சிரிச்சாத்தானே தோஷம் போகும்?"னு ஒருவாட்டி கேட்டாரு. "அது என்னப் பாக்கலியே, நான் எதுக்கு அதப் பாக்கணும்? லைட்டுதானே என்னப் பாக்குது"ன்னா. அன்னிலருந்து அவருக்கு லைட்டுன்னுதான் பேரு. நாலு பேரு முன்னால "ஏங்க"ம்பா. கோவம் வந்தாலும், ரொம்ப சந்தோஷமா இருந்தாலும், "ஏ லைட்டு". ஆக ஒவ்வொரு படத்துலயும் அவ மூஞ்சிய ஒரு தடவையாவது கேமரா முன்னால காட்டித்தான் இருக்கா. கேமராவுக்குத்தான் குடுத்து வைக்கல. இப்படி நெனச்சா பெருமையா இருக்கும். வேற மாதிரி நெனச்சா வேற மாதிரி இருக்கும். வேற மாதிரி நெனச்சது அவரு இல்ல, பையன். ரெண்டாங்கிளாஸோ மூணாங்கிளாஸோ படிக்கிறப்ப, எங்கம்மா சினிமாவுல இருக்காங்கன்னு சொல்லியிருக்கான். எந்தப் படம், எங்க காட்டுன்னு டிவியில அந்தப் படம் போட்டப்ப தெருப் பசங்க எல்லாம் வந்து உக்காந்துட்டாங்க. வெள்ளப் பொடவை வருது. இதோ எங்கம்மான்னான். மூஞ்சியக் காட்டுடான்னாங்க. படம் முடியற வரைக்கும் உக்காந்திருந்தாங்க. ராத்திரி சாப்பிடாம படுத்துக்கிட்டுக் கேட்டான், "ஏம்மா, நீ ஒரு வாட்டி, ஒரே ஒரு வாட்டி திரும்பியிருக்கக் கூடாதா?" அவ அவன் தலையக் கோதிட்டு, "அப்புறம் டைரக்டர் மாமா திட்டுவாருடா"ன்னா. அவ்ளோதான் சொன்னா. ஆதிகேசவன் எந்திரிச்சு வாசலுக்குப் போயிட்டாரு. அன்னிக்கும் காத்து வாங்கத்தான்.

அவரு நைட் ஸ்கூல்ல சேந்ததுகூட அதுக்குத்தான், யாரு நம்புவா. பகல்ல ஷூட்டிங், சாயங்காலம் சிலேட்டு. "இந்த வயசுல எதுக்கய்யா படிப்பு?"ன்னு வாத்தியார் கேட்டதுக்கு, "டைட்டில் படிக்கணும் சார்"ன்னாரு. படத்துக்கு முன்னால பேரு பேரா ஓடுதே, அதுல எங்கயாவது அம்சவேணின்னு இருக்கும், அது எந்தக் கோட்டுல இருக்குன்னு தெரிஞ்சிக்கணும். எழுத்துக் கூட்டிப் படிக்கற அளவு வந்ததும் நேரா தியேட்டருக்குப் போனாரு. மொதல் பேர்லருந்து கடைசி பேரு வரைக்கும் படிச்சாரு. வேகமா ஓடுனதுல விட்டுப்போச்சோன்னு அடுத்த ஆட்டமும் படிச்சாரு. குதிரை குடுத்தவரு பேரு இருந்துச்சு. பங்களா குடுத்தவங்களுக்கு நன்றி இருந்துச்சு. படிக்காமலே இருந்திருந்தா இருக்குன்னு நம்பிக்கிட்டாவது இருந்திருக்கலாம். படிப்பு மனுஷனுக்கு நல்லதுதான், ஆனா எல்லா நேரத்துலயும் இல்லன்னு அன்னிக்கு முடிவு பண்ணாரு. அப்புறமும் படிச்சு பத்தாங்கிளாஸ் பாஸ் பண்ணாரு, அது வேற விஷயம், பாதியில விடற பழக்கம் அவருக்கு இல்ல.

சுவத்துக்கு அந்தாண்ட பாட்டு மறுபடி ஆரம்பிச்சுது. பேசிட்டு, திரும்பப் போட்டுப் பாக்கறாங்க. நாய் ஊளையும் கதவு கிறீச்சும் மொதல்ல, அப்புறம் டெல்ஃபின் ஹம்மிங், பழைய காலத்துல வருமே அதே மாதிரி தூரத்துல, அதுக்கு அடியில ராயபுரத்து அடி, சாவு மேளமும் கல்யாண மேளமும் ஒரே தெருவுல எதிர்ல எதிர்ல வந்துட்ட மாதிரி. முதுகுக்காரி முதுகுக்காரி, முன்ன போற முதுகுக்காரி, கொலுசு மட்டும் காட்டிட்டு, மூஞ்சி எங்க வெச்சிருக்க. நல்ல கேள்வி. கடைசியில மேளம் எல்லாம் நின்னு, அந்தப் பொண்ணு மூச்சு விடற மாதிரி ஒரே ஒரு வார்த்தை பாடும், திரும்புடி. அப்ப தாழ்வாரத்துக் கடைசியில போயிட்டிருக்கறவ திரும்பணும். முடிய ஒதுக்கணும். அம்சவேணி மூஞ்சி. அங்க பாட்டு முடியும். இத்தன வருஷமா முன்னால போன முதுகு ஒண்ணு திரும்பறதுக்காகவே ஒரு பாட்டு. மொதல் தடவை கேட்டப்ப ஆதிகேசவன், "பரவால்ல, சத்தம்தான் கொஞ்சம் ஜாஸ்தி"ன்னாரு. அன்னிக்கு ராத்திரி தூக்கம் வரல. அதயும் யாருகிட்டயும் சொல்லல.

இன்னிக்கு எல்லாம் ஒழுங்காத்தான் போச்சு. முதுகு அதே முதுகு. தோளு இன்னும் கொஞ்சம் எறங்கி, அது இன்னும் நல்லா இருந்துச்சு. முடிதான் சவுரி. நடக்கறதுக்கு முந்தி அவ அவரக் கிட்டக் கூப்புட்டு, முடிக்குள்ளருந்து, "லைட்டுல சூடே இல்ல, லைட்டு. எந்தப் பக்கம்னே தெரியல"ன்னா. இப்ப வர்ற விளக்கெல்லாம் பனிக்கட்டி மாதிரி, பக்கத்துல கையக் கொண்டுபோனாலும் ஒண்ணும் தெரியாது. "நான் விளக்குப் பக்கத்துல நின்னு இருமறேன், அத வெச்சுக்க"ன்னாரு. இருமுனாரு. பாட்டு சத்தத்துல மத்தவங்க யாருக்கும் கேக்காது, அவளுக்குக் கேக்கும். கேட்டுச்சு. போனா, நின்னா, திரும்புடின்னதும் திரும்புனா, முடிய ஒதுக்கிட்டு நேரா கேமராவ மொறைச்சா. மொறைச்சது சரியில்ல. அவருக்கே தெரிஞ்சுது. பயமுறுத்தற மூஞ்சி அவளுக்கு வராது. வாழ்க்கை பூரா முதுகாலயே பயமுறுத்துனவளுக்கு மூஞ்சியால பயமுறுத்த யாரு சொல்லிக் குடுத்தா. வீட்டுச் சாவிய எங்க வெச்சோம்னு யோசிக்கற மாதிரி நின்னா. டெல்ஃபின் கொஞ்சம் நேரம் பாத்துட்டு கட்டுன்னுச்சு. கேமராக்காரன் கேமராவ நிறுத்தல, எதுக்கும் ஓடட்டும்னு விட்டுட்டான், இப்பத்தான் ஃபிலிம் செலவு இல்லியே. அவளுக்குக் கட்டுன்னா அடுத்து என்னன்னு ஒடம்புக்குத் தெரியும். யாரும் கேக்காமலே தலைய ஒரு சாய்ப்பு சாய்ச்சு, இருமல் வந்த பக்கமாத் திரும்பி, சிரிச்சா. டிவிப்பொட்டி மாதிரி ஒண்ணு வெச்சு அதுல பாத்துட்டிருந்தாங்க எல்லாரும். அப்புறம் டெல்ஃபின் குதிக்குது, "இதான்! இதான் பாட்டோட முடிவு!"ன்னு. அதுக்குள்ள காசு போடற கம்பெனியிலருந்து வந்த பிரணவ்ங்கற தம்பி, நல்ல தம்பி, மரியாதையான தம்பி, கண்ணாடியத் துடைச்சுக்கிட்டே, "க்யூட்டா இருக்கு டெல்ஃபின். ஆனா பேய்ப் பாட்டு. கடைசியில ஒரு பாட்டி எங்கயோ பாத்து சிரிச்சா ஆடியன்ஸுக்கு என்ன புரியும்? உன் மூஞ்சிலயே பேய் மேக்கப் போட்டு ஒண்ணு எடுத்துருவோம். எத வெக்கிறதுன்னு எடிட்ல பாத்துக்கலாம்"ன்னாரு.

பாத்துக்கலாம். அந்த வார்த்தைதான். பாட்டிகூடப் பரவால்ல, பாட்டிதானே. பாத்துக்கலாம். கோடம்பாக்கத்துல பாத்துக்கலாம்னா பாக்க மாட்டாங்கன்னு அர்த்தம். கூலிய அப்புறம் பாத்துக்கலாம், டைட்டில்ல பேரு அப்புறம் பாத்துக்கலாம், அடுத்த படத்துல ஒரு சின்ன கேரக்டர், நாலு வரி வசனம், பாத்துக்கலாம்மா. அத வெச்சே ஒரு ஆயுசு ஓடிப் போச்சு. தான் இருமாம இருந்திருந்தா? இருமாம இருந்திருந்தா அவ இந்தப் பக்கம் பாத்திருக்க மாட்டா, கேமராவப் பாத்து சிரிச்சிருப்பா, பாத்துக்கலாம் வந்திருக்காது. ஆனா இருமாம இருந்திருந்தா சிரிச்சே இருக்க மாட்டாளோ. சாவியத் தேடுற மூஞ்சியோட நின்னிருப்பா. அத வெச்சிருந்தா இன்னும் மோசம், கீழ கமென்ட்னு எழுதறாங்களே, அதுல என்ன எழுதுவானுங்கன்னு அவருக்குத் தெரியும், பக்கத்து வீட்டுப் பொண்ணு படிச்சுக் காட்டியிருக்கு, சாமி படத்தையே விட மாட்டேங்கறானுங்க. அப்ப இருமுனது நல்லதா கெட்டதா. இருமல்லருந்து சிரிப்புக்கு, சிரிப்புலருந்து பாத்துக்கலாமுக்கு, அங்கருந்து திரும்ப இருமலுக்கு. தொண்டை உண்மையாவே கரகரங்குது. ஒரு இருமல் வந்துச்சு, அத முழுங்கினாரு. பயம் அவளத் தூக்கிருவாங்கன்னு இல்ல. தூக்கிருவாங்க, அதெல்லாம் பழக்கம். தூக்கிட்டோம் ஆன்ட்டின்னு சொல்றப்ப அவ சரிப்பான்னுருவாளே, அதான். சரிப்பான்னுட்டு, சவுரியக் கழட்டிக் குடுத்துட்டு, பிரியாணி பொட்டலத்தப் பிரிச்சு, "இந்தாங்க, லெக் பீஸு உங்களுக்கு"ம்பா. அவளுக்கு வருத்தம் இருந்தாக்கூடத் தாங்கிக்கலாம். அவளுக்கு இருக்காது. அவளுக்கும் சேத்து இவருதான் பட்டாகணும், அதயும் மூஞ்சில காட்டக் கூடாது. அந்த வேலைய இத்தன வருஷம் குறையில்லாம பாத்தாச்சு.

ஆனா சிரிச்சாளே. அந்தப் பொட்டியில அவரும் ஒரு ஓரமாப் பாத்தாரு. இவ்ளோ வருஷமா நேர்ல பாத்த சிரிப்புதான், ஆனா சட்டம் போட்ட மாதிரி நாலு பக்கமும் கோடு கட்டி நடுவுல அவ மூஞ்சி, சுத்தி இருட்டு, அது இன்னிக்குத்தான். சிரிக்கறப்ப எடது கன்னத்துல ஒரு கோடு விழும். அது பெரிய நடிகைக்குக்கூடக் கிடையாதுங்கறது அவரு கருத்து. க்ளோசப்புக்கு ஏசி ரூம்லருந்து வந்தாங்களே அவங்களுக்கெல்லாம் லைட் அடிச்சவரு அவரு. தெரியாமச் சொல்லல. அத்தன மூஞ்சிக்கும் வெளிச்சம் குடுத்துட்டு, நம்ம வீட்டு மூஞ்சி இருட்டுலயே இருக்குன்னு ஒருநாளும் நெனச்சதில்ல, ஏன்னா அவருக்கு அது இருட்டுல இல்ல. அவன் அவன் வீட்டு விளக்கு அவன் அவனுக்குத்தான் எரியுது, அடுத்தவன் ஏன் பாக்கணும்? இருந்தாலும் ஒரு தடவை பாக்கட்டுமே. ஒரு பாட்டுக்குக் கடைசியில, ரெண்டு நிமிஷம் கூட வேணாம், ஒரு சிரிப்பு சிரிக்கற நேரம். ஓசூர்ல வேலை பாக்கற பையன் பஸ்ல போறப்ப ஃபோன்ல பாத்துட்டுப் பக்கத்து சீட்டுக்காரனுக்குக் காட்டட்டும். காட்ட மாட்டான், கூச்சப்படுவான், அப்பன மாதிரி. ஆனா காட்டலாம்னு இருக்கும்ல.

"சார், சாப்டீங்களா?" பின்னால குரலு. பிரணவ். ஆதிகேசவன் எந்திரிச்சாரு. இந்த லைன்ல ஒருத்தன் வந்து சாப்டீங்களான்னு கேட்டா எதையோ வெட்டப் போறான்னு அர்த்தம், அவரு பாத்த வரைக்கும். "ஆச்சு தம்பி"ன்னாரு, இன்னும் சாப்புடல. "ஆன்ட்டி சூப்பரா பண்றாங்க சார்." இதோ, சூப்பர். "அவ எப்பவும் அப்படித்தான் தம்பி"ன்னாரு. பிரணவ் கண்ணாடியக் கழட்டித் துடைச்சாரு, மாட்டுனாரு. "இல்ல, ஒரே ஒரு டவுட்டு சார். அந்தச் சிரிப்ப நாங்க திரும்பத் திரும்பப் போட்டுப் பாத்தோம். சும்மா சொல்லக் கூடாது, எனக்கே என்னமோ பண்ணுது. ஆனா அவங்க கேமராவப் பாக்கல. டயலாக்கும் இல்ல. பாக்கறவனுக்கு ஒரு கேள்வி வரும்ல. அவங்க யாரப் பாத்து சிரிக்கறாங்க?" அவரு யோசிக்கவே இல்ல. இத்தன நேரம் எத எதையோ போட்டு யோசிச்சவரு, இதுக்கு யோசிக்கல. "என்னத்தான்"னாரு. சொன்ன தினுசு அவருக்கே புதுசா இருந்துச்சு, மீட்டிங்குல மைக்கப் புடிச்சுப் பேசற மாதிரி. "மொத படத்துலருந்தே என்னப் பாத்துதான் தம்பி சிரிப்பா. நான் லைட்டுகிட்ட நிப்பேன். கேமராவப் பாக்கற பழக்கம் அவளுக்கு இல்ல. அத மாத்தச் சொன்னாலும் மாத்த முடியாது." பிரணவ் அவரையே பாத்தாரு. அவரு மூஞ்சிய, அப்புறம் தோள, அப்புறம் எதையோ அளக்கற மாதிரி தள்ளி நின்னு. அப்படியே வேகமா உள்ள போயிட்டாரு.

போச்சு. ஆதிகேசவன் உக்காரல. மாத்த முடியாதுன்னு எதுக்குச் சொன்னேன். வேணும்னா இன்னொரு தடவை எடுங்க தம்பி, நான் சொல்லி வெக்கிறேன், கேமராவப் பாத்தே சிரிப்பான்னு சொல்லியிருக்கலாம். பெருமை வாயில வந்து நின்னுச்சு, அதான் பேசிருச்சு. "என்னண்ணே, என்னவாம்?"னான் பிச்சாண்டி. "அவ யாரப் பாத்து சிரிச்சான்னு கேட்டாரு." "என்ன சொன்னீங்க?" "உள்ளதச் சொன்னேன்." "தப்பாச்சேண்ணே. சினிமாவுல போய் உள்ளதச் சொல்லுவாங்களா?" சுவத்துக்கு அந்தாண்ட பாட்டு நின்னு போயிருந்துச்சு. ஜெனரேட்டர் மட்டும் ஒத்தையில ஓடுது. சரி, கூட்டிட்டுப் போவோம். எதுத்தாப்ல பஸ் ஸ்டாப்பு. பிரியாணிய வீட்டுல போய்த் தின்னுக்கலாம். ஒரு முதுகுக்குன்னு ஒரு பாட்டு வந்துச்சே, அது எத்தன பேருக்கு வருது. முதுகே போதும். அந்த முதுகுக்கு என்ன குறைச்சல்.

டெல்ஃபின் செருப்பு கூடப் போடாம வெயில்ல ஓடி வந்துச்சு, தரை சுட்டதுல ஒரு கால் மாத்தி ஒரு கால் குதிக்குது. "அங்கிள்! வெக்கறோம்! ஆன்ட்டி மூஞ்சிதான் கடைசி! பிரணவ் ஓகே சொல்லிட்டாரு, ஆனா அவங்க பாக்கற ஆளு ஃப்ரேம்ல இருக்கணுமாம். முன்னால ஓரமா ஒரு ஆளு நிக்கணும், அவரத் தாண்டி ஆன்ட்டி மூஞ்சி முழுசாத் தெரியணும். நீங்க வந்து நில்லுங்க அங்கிள்." மூச்சு வாங்குச்சு அதுக்கு. அப்புறம் கொஞ்சம் தயங்குச்சு. "ஒண்ணே ஒண்ணு. உங்க மூஞ்சி வராது. பின்னாலருந்துதான் எடுப்போம். முதுகு மட்டும். பரவால்லியா?"

ஆதிகேசவன் தொண்டையச் செருமுனாரு. "முதுகுக்கு மேக்கப் உண்டாம்மா?"ன்னாரு. "அய்யோ அங்கிள், வாங்க!" பிச்சாண்டி, "அண்ணே, சட்டை பின்னால பூரா வேர்வ, சேர் கோடு கோடா விழுந்திருக்கு"ன்னு கையால நீவி விடப் பாத்தான். கறுப்புத் துணிய வெலக்கிக்கிட்டு உள்ள இருட்டுலருந்து அம்சவேணி குரல் வந்துச்சு, "ஏ லைட்டு! எவ்ளோ நேரம் நான் பேயாவே நிக்கறது, வா!"

"இருமறேன் இரு"ன்னு சொல்லிட்டு, சட்டையோட பின்பக்கத்த ஒருதரம் நல்லா இழுத்து விட்டுக்கிட்டு, முதுக நிமித்தி உள்ள போனாரு.